மாதம் இருபது துணிப்பட்டை

ஜூன் 3

அன்புள்ள வாண்டுக்கு,

நாற்பது வயதான பிறகும் இப்படிக் கூப்பிடுகிறாளே என்று முறைக்காதே. கடவுள் கிருபையால் இங்கே எல்லோரும் நலம். உன் அத்தானுக்கு மட்டும் முழங்கால் வலி விட்டபாடில்லை. டாக்டர் தினம் நடக்கச் சொல்லியிருக்கிறார். இவர் டி.வி. முன்னால் உட்கார்ந்து அடுத்தவர்கள் ஓடுவதைப் பார்க்கிறார். கேட்டால், "பார்த்தாலே பாதி பலன்" என்கிறார்.

போனில் பேசாமல் ஏன் எழுதுகிறேன் என்று யோசிப்பாய். போன வாரம் பேசினோமே, நீ கத்தினாய், நான் அழுதேன், நடுவில் சார்ஜ் தீர்ந்தது. யார் எதைச் சொல்லி முடித்தோம் என்றே தெரியவில்லை. காகிதமென்றால் நான் சொல்ல வந்ததை முழுதாகச் சொல்லிவிடலாம். உன்னால் குறுக்கே பேச முடியாது.

விஷயத்துக்கு வருகிறேன். வெள்ளிக்கிழமை வழக்கம்போல் இல்லத்துக்குப் போனேன். செயலாளர் ஐயா சலவைக் கொட்டகை வரை வந்துவிட்டார். பதினொரு வருஷத்தில் அவர் கால் அந்தப் பக்கம் பட்டது அதுதான் முதல் தடவை. வெள்ளைச் சட்டை, ஈரத் தரை, பார்த்துப் பார்த்து அடி வைத்து வந்து நின்றார்.

"வாசல்ல கேமராவோட நின்னாங்களே, அவங்க உங்க தங்கச்சியாமே?"

"ஆமாங்க."

"சொல்லவே இல்லையேம்மா?"

"நீங்க கேக்கவே இல்லையேங்க."

சிரித்தார். எனக்கு அந்தச் சிரிப்பு பிடிக்கவில்லை. "நாலு பேர் நல்லா இருந்தா சில பேருக்குப் பொறுக்காது. நீங்க சொன்னா கேப்பாங்க, எடுத்துச் சொல்லுங்க" என்றார்.

அதனால் எடுத்துச் சொல்கிறேன். ஏன்டி, அக்கா ஒருத்தி அங்கே வாரம் இரண்டு நாள் போய் வருகிறாள் என்று தெரியும் அல்லவா? என்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல் கேட்டுக்கு வெளியே நின்று காவலாளியிடம் கேட்டாயாமே? யாருமில்லாத, மனசு சரியில்லாத ஐம்பத்திரண்டு பெண்களை வைத்துச் சோறு போடுகிற இடம் அது. எட்டாவதோடு நின்ற என்னை நம்பித் துணிக் கணக்கு நோட்டைக் கையில் கொடுத்தார்கள். எத்தனை விரிப்பு வெளுக்க வந்தது, எத்தனை திரும்பிப் போனது, எதில் கிழிசல், எதில் ஈரம், எந்தச் சட்டையில் பொத்தான் இல்லை, எல்லாம் தேதி போட்டு எழுதுகிறேன். எனக்கு அது கடவுளுக்குச் செய்கிற வேலை. அதில் மண்ணைப் போட்டுவிடாதே.

உடம்பைப் பார்த்துக்கொள். டீயே சாப்பாடு என்று இருக்காதே.

உன் அக்கா

*

ஜூன் 9

அன்புள்ள அக்கா,

உன் கடிதத்தை எடிட்டிங் அறையில் உட்கார்ந்து படித்தேன். இந்த அறைக்கு ஜன்னல் கிடையாது, ஏ.சி. மூன்று நாளாக ஓடவில்லை. எடிட்டர் எட்டிப் பார்த்து, "என்ன, லவ் லெட்டரா?" என்றார். "அதைவிட ஆபத்து. எங்கக்கா" என்றேன். அவர் உடனே ஹெட்போனை மாட்டிக்கொண்டார்.

உன்னிடம் முதலிலேயே கேட்டிருக்க வேண்டும். தப்புதான். கேட்டால் நீ உடைந்துபோவாய் என்று தள்ளிப் போட்டேன். இனி தள்ளிப் போட முடியாது, அதனால் நேராக எழுதுகிறேன்.

அக்கா, அங்கே பெண்களைக் கட்டிலோடு கட்டிப் போடுகிறார்கள். காலையில் கட்டினால் சாயங்காலம் வரை. சாப்பாட்டு வேளையில் ஒரு கையை மட்டும் அவிழ்த்துவிடுகிறார்கள். ஏன் தெரியுமா? பதினான்கு ஆயாக்களுக்கு அரசாங்கம் சம்பளம் கொடுக்கிறது. வேலைக்கு வருவது நான்கு பேர். மீதிப் பத்துப் பேர் கையெழுத்தாக மட்டும் வருகிறார்கள். ஐம்பத்திரண்டு பேரை நான்கு பேர் எப்படிப் பார்ப்பார்கள்? அங்கிருந்து வேலையை விட்ட ஒரு ஆயா தன் போனில் எடுத்த நாற்பது விநாடிக் காட்சி என்னிடம் இருக்கிறது. பிப்ரவரியில் கொடுத்தாள். கட்டில் கம்பி, ஒரு கை, அந்தக் கையைக் கட்டியிருக்கிற துணி. அவ்வளவுதான். முகம் வராது.

ஒன்றரை வருஷமாக இந்தப் படத்தை எடுக்கிறேன். முக்கால்வாசி முடிந்துவிட்டது என்று நான்கு தடவை நினைத்தாயிற்று. சேனலின் வக்கீல் அந்த நாற்பது விநாடியைப் பார்த்துவிட்டு, "இந்தக் கட்டில் எங்க வேணா இருக்கலாமே மேடம்! போர்டு இல்ல, முகம் இல்ல, சுவத்துல ஒரு காலண்டர்கூட இல்ல. கேஸ் போட்டா நாம எங்க நிக்கிறது?" என்கிறார். சரி, அந்த ஆயாவையே பேச வைக்கலாம் என்று போனால் அவள் வாசற்படியைத் தாண்ட விடவில்லை. "எனக்கு ஒண்ணும் ஞாபகமில்ல மேடம். எம் பொண்ணுக்கு அங்கயே வேலை போட்டுக் குடுத்துட்டாங்க. விட்டுடுங்க" என்றாள். அரசு அலுவலகத்தில் ஆயாக்களின் வருகைப் பதிவேடு கேட்டு மனுப் போட்டேன். 'தகவல் தொகுக்கப்பட்டு வருகிறது' என்று பதில். அதே பதில் மூன்று முறை, அதே எழுத்துப்பிழையோடு. சுவரில் முட்டிக்கொள்ளலாம் என்றால் இந்த அறைச் சுவருக்கு ஸ்பாஞ்ச் ஒட்டியிருக்கிறார்கள்.

என்னிடம் இல்லாதது ஒன்றுதான், அந்த வார்டையும் அந்தக் காட்சியையும் சேர்க்கிற ஒரு ஆதாரம். உன் துணிக் கணக்கு நோட்டுகளைக் கொடு. எந்தக் கிழமை எத்தனை விரிப்பு ஈரமாக வந்தது என்பதே நிறையச் சொல்லும். எழுந்து போக முடியாதவர்கள்தான் படுத்த இடத்திலேயே போவார்கள்.

கோபப்படு, திட்டு. ஆனால் பதில் போடு.

வாண்டு

*

ஜூன் 15

அன்புள்ள வாண்டுக்கு,

திட்டச் சொன்னாய், திட்டுகிறேன்.

பதினொரு வருஷம் போய் வருகிறவள் நான். நான் பார்க்காததை நீ கேட்டுக்கு வெளியே நின்று பார்த்துவிட்டாயா? படம் எடுக்கிறவர்களுக்கு எதைப் பார்த்தாலும் கதையாகத் தெரியும் போலிருக்கிறது. நான் வார்டுக்குள் போவதில்லை, நிஜம்தான். புது முகம் பார்த்தால் அந்தப் பெண்கள் மிரளுவார்கள் என்று முதல் நாளே சொன்னார்கள், அதற்குக் கட்டுப்பட்டேன். ஆயாக்கள் மூட்டையைக் கொண்டுவந்து கொட்டகையில் போடுவார்கள், நான் எண்ணுவேன். அதற்காக எனக்கு ஒன்றுமே தெரியாது என்றா அர்த்தம்?

மனசுக்குள் வைத்துக்கொண்டு இருக்க என்னால் முடியாது. மேட்ரன் அம்மாவையே நேராகக் கேட்டுவிட்டேன்.

"மேட்ரனம்மா, இங்க யாரையாவது கட்டிப் போடுறீங்களா?"

கையிலிருந்த டீ தளும்பும்படி சிரித்தார்கள். "கட்டறதுக்குக் கயிறு எங்கம்மா இருக்கு இங்க? பெட்ஷீட்டுக்கே வழியக் காணோம்."

அது சத்தியம். மூன்று வருஷமாக ஒரு புது விரிப்புக்கூட நோட்டில் ஏறவில்லை. வருஷா வருஷம் இருநூறு வாங்கியதாக ஆண்டறிக்கையில் அச்சடித்திருந்தது. கேட்டேன், அச்சுப் பிழை என்றார்கள். சரி, இருப்பதை வைத்து ஓட்டலாம் என்று நைந்த விரிப்புகளை நான் வீணாக்குவதில்லை. நாலு விரல் அகலம், இரண்டு முழம் நீளம் பட்டையாகக் கிழித்து, இரட்டையாக மடித்துத் தைத்துக் கொடுக்கிறேன். படுத்த படுக்கையாக இருப்பவர்களுக்குக் காலில் புண் வருகிறதாம், மருந்து வைத்துச் சுற்ற வேண்டுமாம், மேட்ரன் அம்மா கேட்டார்கள். மாதம் இருபது பட்டை. ஒரு நுனியில் துணியாலேயே காது மாதிரி ஒரு வளையம் வைத்துத் தைத்தேன். அது என் யோசனை. துவைத்தால் கொடியில் ஆணி மேல் மாட்ட வசதியாக இருக்கும் அல்லவா? மேட்ரன் அம்மா எல்லோர் முன்னாலும் பாராட்டினார்கள். "படிச்சவங்களுக்குக்கூட இது தோணாதும்மா" என்றார்கள். மூன்று வருஷமாக அதற்கென்று நோட்டில் தனிப் பக்கமே வைத்திருக்கிறேன்.

புண்ணுக்குச் சுற்றுகிற துணிக்கு இவ்வளவு பார்க்கிற இடம், ஆளைக் கட்டிப் போடுமா? நீயே சொல்.

நோட்டெல்லாம் தர முடியாது. உன் அத்தானும், "அவ படம் இன்னைக்கு வரும் நாளைக்குப் போகும், நீ வாராவாரம் அங்க மூஞ்சி காட்டணும்" என்கிறார். அங்கே ஒரு பெண் இருக்கிறாள், பொத்தான்காரி என்று நான் பெயர் வைத்திருக்கிறேன். யார் சட்டையில் பொத்தான் கண்டாலும் திருகி எடுத்துவிடுவாள். கொட்டகை ஜன்னல் வரை வந்து என் ரவிக்கையைப் பார்த்து, "உனக்குக் கொக்கியா? ச்சே" என்று காறித் துப்புகிற மாதிரி சொல்லிவிட்டுப் போவாள். இந்த வருஷம் அவளைக் காணோம், உடம்பு சரியில்லையாம். அவளுக்காகவும் பிரார்த்தனை செய்கிறேன், உனக்காகவும் செய்கிறேன். கடவுள் உனக்கு நல்ல புத்தியைக் கொடுக்கட்டும்.

அக்கா

*

ஜூன் 21

அன்புள்ள அக்கா,

இந்தக் கடிதத்தைத் தனியாக இருக்கும்போது படி. படிக்கும் முன் உட்கார்ந்துகொள்.

உறைக்குள் ஒரு புகைப்படம் இருக்கிறது. அந்த நாற்பது விநாடியில் முப்பத்தொன்றாவது விநாடி. எடிட்டரை வைத்து ஒரு கையின் அளவுக்குப் பெரிதாக்கியிருக்கிறேன். கையைப் பார்க்காதே, துணியைப் பார். நாலு விரல் அகலம். இரட்டை மடிப்பு. நுனியில் வளையம். பட்டை அந்த வளையத்துக்குள் நுழைந்து மணிக்கட்டில் சுருக்காக இறுகியிருக்கிறது. இழுக்க இழுக்க இறுகும்.

வளையத்தின் அடியில் தையலைப் பார். ஒரு கட்டம், கட்டத்துக்குள் பெருக்கல் குறி. ஏழு தையலுக்கு ஒன்று தாண்டியிருக்கிறது. உன் மெஷின் அப்படித்தான் தாண்டும். என் ஸ்கூல் பை வாரில் அந்தத் தையல் இருந்தது. ஆறு வருஷம் தோளில் போட்டுக்கொண்டு போனேன். எனக்கு அதைத் தெரியாதா?

பிப்ரவரியில் முதல் தடவை பார்த்தபோதே தெரிந்துவிட்டது. எதற்குத் தைக்கிறாய் என்று உனக்குத் தெரியாது என்பதும் தெரியும். நீ போன கடிதத்தில் எழுதியதைப் படிக்கப் படிக்க எனக்கு வாயைப் பொத்திக்கொள்ள வேண்டியிருந்தது.

அந்த முப்பத்தொன்றாவது விநாடியைப் படத்திலிருந்து வெட்டச் சொல்லிவிட்டேன். எடிட்டர் தினமும் சண்டைக்கு வருகிறார். "அந்த ஷாட்டை எடுத்துட்டு என்னதாங்க காட்டப் போறோம்? அதுல மட்டும்தான் துணி தெளிவா தெரியுது!" என்கிறார். போகஸ் சரியில்லை என்று பொய் சொல்லி வைத்திருக்கிறேன். அவர் இருபது வருஷமாக எடிட்டர். போகஸ் எது என்று அவருக்குத் தெரியாதா? என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு வெட்டுகிறார்.

வக்கீல் கேட்கிற ஆதாரம் அதுதான், அக்கா. அந்தத் தையல் யாருடையது, எந்த இல்லத்துக்குப் போனது என்று சொல்ல உலகத்தில் ஒரே ஒரு ஆள்தான் இருக்கிறாள். உன்னைக் காப்பாற்ற அதை வெட்டினேன். வெட்டிவிட்டு ஆதாரம் இல்லை ஆதாரம் இல்லை என்று நாலு மாதமாக வாசல் வாசலாகச் சுற்றுகிறேன். அதனால்தான் போனில் கத்தினேன். உன் மேல் கோபம் இல்லை.

மன்னித்துவிடு என்று எழுதிப் பார்த்தேன். எதற்கென்று சரியாகத் தெரியவில்லை. அடித்துவிட்டேன்.

வாண்டு

*

ஜூலை 1

தங்கைக்கு,

படத்தைப் பார்த்தேன். அது என் தையல்தான்.

இரண்டு நாள் ஒன்றும் செய்யவில்லை. அத்தான் டாக்டரிடம் போகலாமா என்று கேட்டார். மூன்றாம் நாள் செவ்வாய்க்கிழமை. காலை பதினோரு மணிக்கு, வெளுத்து வந்த விரிப்புகளை ஆயா வருவதற்கு முன் நானே தூக்கிக்கொண்டு வார்டுக்குப் போனேன். கொட்டகையிலிருந்து முப்பத்தெட்டு அடி தூரம். கதவில் பூட்டுகூட இல்லை, தாழ்ப்பாள் மட்டும்தான். அதுவும் வெளிப்பக்கம்.

உள்ளே ஒரே ஒரு ஆயா. பெரிய பாத்திரத்தில் சோற்றை வைத்துக்கொண்டு ஒவ்வொரு கட்டிலாக ஊட்டிக்கொண்டு வந்தாள்.

"ஐயோ, இங்க வரக் கூடாதும்மா நீங்க."

"விரிப்பு எண்ணணும்" என்றேன். வேறு என்ன சொல்வது என்று தெரியவில்லை.

எண்ணினேன். முப்பத்தோரு கட்டில், மீதிப் பேருக்குத் தரையில் பாய். பதினேழு கட்டிலில் பட்டை. சிலருக்கு ஒரு கை, சிலருக்கு இரண்டு கை. ஒருத்திக்குக் கால். யாருக்கும் புண் இருந்து நான் பார்க்கவில்லை, மணிக்கட்டில் தவிர.

பொத்தான்காரி ஜன்னலோரக் கட்டிலில் இருந்தாள். இரண்டு கையும் கட்டியிருந்தது. நான் ஆயாவைப் பார்த்தேன்.

"இவங்க பொத்தானெல்லாம் திருகிடறாங்கம்மா. வாராவாரம் 'பொத்தான் இல்ல, பொத்தான் இல்ல'ன்னு உங்க நோட்டு ஆபீசுக்குப் போகுது. மேட்ரன் எங்களத்தான் திட்டறாங்க. என்ன பண்ணச் சொல்றீங்க?"

அவள் என்னைக் குத்திக் காட்டவில்லை, வாண்டு. மிச்சத்தைக் கேள். சோற்றைப் பிசைந்துகொண்டே, நன்றி சொல்கிற மாதிரி சொன்னாள்: "ஆனா நீங்க அந்தக் காது வெச்சுக் குடுத்தீங்களே, அதுக்கப்புறம்தாம்மா எங்களுக்கு வேலை லேசாச்சு. முன்னல்லாம் முடிச்சு அவுக்கறதுக்குள்ள விடிஞ்சிடும். இப்ப ஒரு சொடக்குதான்."

பொத்தான்காரியின் கட்டை அவிழ்த்தேன். அதில் எனக்குச் சிரமமே இல்லை. அவள் கை அவிழ்ந்ததும் எதையும் திருகவில்லை. அப்படியே வைத்துக்கொண்டு இருந்தாள். ஆயா, "சோறு ஊட்டி முடிச்சதும் மறுபடி கட்டணும்மா, இல்லன்னா எனக்கு வேலை போயிடும்" என்றாள். நான் இருக்கும்வரை கட்டவில்லை. நான் எவ்வளவு நேரம்தான் இருக்க முடியும்?

செயலாளரிடம் போனேன். நாற்காலி காட்டினார், நான் உட்காரவில்லை. நான் சொன்னதையெல்லாம் கேட்டுவிட்டு, மெதுவாக, "பட்டையத் தச்சது யாரும்மா?" என்றார். "உங்க நோட்டு, உங்க கையெழுத்து, தேதியோட இருக்கு. நாளைக்கு ஏதாவதுன்னா முதல்ல வர்றது உங்க பேருதான். நல்ல மனசோட சேவை பண்றீங்க, அதோட நிறுத்திக்குங்க." டீ வரவழைக்கட்டுமா என்றும் கேட்டார்.

வீட்டுக்கு வந்தேன். பிரார்த்தனைக்கு உட்கார்ந்தால் என்ன கேட்பது என்று தெரியவில்லை. மன்னிப்பு கேட்கலாம். யாரிடம் கேட்க வேண்டுமோ அவர்கள் அங்கே கட்டிலில் இருக்கிறார்கள். கடவுளிடம் கேட்டுவிட்டு எழுந்து வந்து அடுப்பைப் பற்றவைத்தால் அது குறுக்கு வழியாகத் தோன்றுகிறது.

இதெல்லாம் என் பாடு, நான் பார்த்துக்கொள்கிறேன். இப்போது உன் விஷயத்துக்கு வருகிறேன்.

பிப்ரவரியில் பார்த்தேன் என்று எழுதியிருக்கிறாய். மார்ச், ஏப்ரல், மே, ஜூன். மாதம் இருபது. பிப்ரவரிக்குப் பிறகு நான் தைத்தது எண்பது பட்டை. நல்ல வெயிலில் ஜன்னல் பக்கம் மெஷினைத் திருப்பிப் போட்டுக்கொண்டு, பாட்டு முணுமுணுத்துக்கொண்டு தைத்தேன். நீ ஒரு வரி எழுதியிருந்தால், ஒரே ஒரு வரி, அந்த எண்பதும் இருந்திருக்காது. நான் உடைந்துபோவேன் என்று பயந்தாயாம். உடைந்துதான் போயிருப்பேன், அதனாலென்ன? என் மனசு நோகக் கூடாது என்று நீ நினைத்தாய், வேறு யாருடைய கையோ நோகட்டும் என்று விட்டாய். உன் படத்தில் கெட்டவர்கள் என்று யாரையெல்லாம் காட்டுகிறாயோ, அவர்களும் வீட்டில் யாரையோ காப்பாற்றத்தானே எல்லாம் செய்கிறார்கள்?

இதற்கு மேல் எழுதினால் பின்னால் வருத்தப்படுவேன்.

அக்கா

*

ஜூலை 5

அன்புள்ள அக்கா,

அந்த எண்பது பட்டைக்கு ஒரு பதிலை மூன்று நாளாகத் தேடினேன். ஊரில் உள்ளவர்கள் முகத்துக்கெல்லாம் மைக்கை நீட்டி, "தெரிந்தும் ஏன் சொல்லவில்லை?" என்று கேட்கிறவள் நான். இதே கேள்வியை அந்த வேலையை விட்ட ஆயாவிடம் எவ்வளவு திமிராகக் கேட்டேன் என்று எடிட்டிங் அறையில் போட்டுப் பார்த்தேன். எடிட்டரிடமும் உண்மையைச் சொல்லிவிட்டேன். அவர், "தெரியும்" என்று மட்டும் சொன்னார். முப்பத்தொன்றாவது விநாடியை அவர் அழிக்கவே இல்லையாம், வேறு பெயரில் வைத்திருந்தாராம்.

எனக்கு எழுத வருவது வேலை விஷயம் மட்டும்தான். அதையாவது ஒழுங்காக எழுதுகிறேன்.

இந்த மாதம் இருபதாம் தேதி இல்லத்தின் உரிமத்தைப் புதுப்பிக்கிறார்கள். அது நடந்துவிட்டால் அடுத்த ஐந்து வருஷம் யாரும் எட்டிப் பார்க்க மாட்டார்கள். அதற்கு முன் ஒளிபரப்ப வேண்டும். வக்கீல் ஒருவழியாக இறங்கி வந்திருக்கிறார். தைத்தவர் கேமரா முன்னால் அது தன் தையல் என்று சொல்ல வேண்டும், அதே மெஷினில் ஒரு பட்டை தைத்துக் காட்ட வேண்டும், நோட்டுப் பக்கம் வேண்டும். இந்த மூன்றும் இருந்தால் போதும் என்கிறார். இதைச் சொல்ல அவருக்கு ஐந்து மாதம் ஆகியிருக்கிறது. ஐந்து மாதம் நான் சொல்லாமல் இருந்ததை நினைத்தால் அவரைத் திட்டவும் வாய் வரவில்லை.

ஒப்புதல் படிவம் உறைக்குள் வைத்திருக்கிறேன். உன் முகம் இருட்டில் இருக்கும். குரலை மாற்றிவிடுவோம். பெயர் வராது, 'ஒரு தன்னார்வலர்' என்று மட்டும் வரும். கை மட்டும் தெரியும், அதுவும் வேண்டாம் என்றால் மெஷின் மட்டும். உனக்கு ஒரு கெட்ட பெயரும் வராமல் பார்த்துக்கொள்கிறேன். நானே கேமராவோடு வருகிறேன், வேறு யாரும் வர மாட்டார்கள். என்னென்ன கேட்பேன் என்று முன்னாலேயே எழுதி அனுப்புகிறேன்.

வர மாட்டேன் என்று சொன்னாலும் புரிந்துகொள்வேன். நிஜமாகவே.

வாண்டு

*

ஜூலை 12

தங்கைக்கு,

படிவத்தில் கையெழுத்துப் போட்டிருக்கிறேன். முகம் இருட்டில் என்ற வரியையும், குரல் மாற்றப்படும் என்ற வரியையும், பெயர் வராது என்ற வரியையும் அடித்து, பக்கத்தில் சிறு கையெழுத்துப் போட்டிருக்கிறேன். அடித்தல் திருத்தல் இருந்தால் அப்படிப் போட வேண்டும் என்று வக்கீலுக்குத் தெரியும்.

நோட்டுகள் பதினொன்று, என் வீட்டில்தான் இருந்தன. எல்லாவற்றையும் பிரதி எடுத்தாயிற்று. ஒரு பிரதியைத் தூக்கிக்கொண்டு புதன்கிழமை உரிமம் கொடுக்கிற அலுவலகத்துக்குப் போனேன். உன் அத்தானும் வந்தார். படி ஏற முடியாமல் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, "டி.வி.யில இதெல்லாம் காட்ட மாட்டேங்கறானே" என்று சொல்லிக்கொண்டு மூன்று மாடி ஏறினார். அதிகாரி புரட்டிப் பார்த்தார்.

"இது துணி நோட்டும்மா. நாங்க பாக்கறது ஆள் நோட்டு."

"ஆள் நோட்டுல பதினாலு ஆயா இருக்கு, வர்றது நாலு பேர். ஆண்டறிக்கையில புது விரிப்பு இருநூறு, கொட்டகைக்கு ஒண்ணுகூட வரல. துணி நோட்டுதாங்க நிஜம்."

"நீங்க யாரு இதுல?"

"கட்டறதுக்குப் பட்டை தைச்சவ."

மனிதர் பேனாவை மூடிவிட்டார். வாங்கிக்கொள்ள முடியாது என்றார், மேலிடம் என்றார், நாளைக்கு வாருங்கள் என்றார். நாங்கள் நாற்காலியை விட்டு எழுந்திருக்கவில்லை. மத்தியானச் சாப்பாட்டுக்குப் போய்விட்டு வந்தார், அப்போதும் இருந்தோம். உன் அத்தான் அவரிடம் முழங்கால் வலிக்கு என்ன தைலம் நல்லது என்று விவரமாகக் கேட்க ஆரம்பித்தார். நாலு மணிக்கு முத்திரை குத்தி ரசீது கொடுத்தார். அதனால் ஒன்றும் நடந்துவிடவில்லை. ரசீது கிடைத்தது, அவ்வளவுதான். அதன் நகலும் உறைக்குள் இருக்கிறது.

வெள்ளிக்கிழமை இல்லத்துக்குப் போனால் காவலாளி உள்ளே விடவில்லை. பட்டியலில் என் பெயர் இல்லையாம். உள்ளே பட்டைகளை ஒளித்துவிட்டார்களா, இன்னும் கட்டுகிறார்களா, தெரியவில்லை. கேட்டில் நின்று பார்த்தால் வார்டு தெரியாது. நீ நின்ற இடத்தில்தான் நின்றேன் என்று நினைக்கிறேன். அங்கிருந்து ஒன்றுமே தெரியவில்லை, நீ ஒன்றரை வருஷம் எப்படித்தான் நின்றாயோ.

ஒரு பட்டை தைத்துக் காட்ட வேண்டும் என்றாயே, தைக்கிறேன். அதன் பிறகு அந்தப் பட்டையை வக்கீலே வைத்துக்கொள்ளட்டும்.

கடைசியாக ஒன்று. நீ வராதே.

கோபத்தில் சொல்லவில்லை. கோபம் தனியாக இருக்கிறது, அது தீர நாளாகும், தீருமா என்றும் தெரியவில்லை. அது வேறு. எடிட்டரை அனுப்பு. அவரை நான் பார்த்ததில்லை, அவரும் என்னைப் பார்த்ததில்லை, அதுதான் நல்லது. நீ வந்தால் எனக்கு வலிக்காத மாதிரிதான் கேட்பாய். "தெரியாமத்தானே அக்கா செஞ்சே?" என்று கேட்பாய். நானும் ஆமாம் என்று தலையாட்டிவிடுவேன். இரண்டு பேரும் அழுவோம். பார்க்கிறவர்களும் பாவம் என்று சொல்லிவிட்டு எழுந்து போவார்கள்.

கேள்விகளை முன்னாலேயே அனுப்ப வேண்டாம். ஒரே ஒரு கேள்வியை மட்டும் விடாமல் கேட்கச் சொல். பதினொரு வருஷம், வாரம் இரண்டு நாள், முப்பத்தெட்டு அடி தூரம், பூட்டில்லாத கதவு. ஒரு நாளாவது போய்ப் பார்த்திருக்கலாமே, ஏன் பார்க்கவில்லை என்று கேட்கச் சொல். நான் பேச்சை மாற்றினால் மறுபடி கேட்கச் சொல்.

அதற்கு இன்னும் என்னிடம் பதில் இல்லை. வியாழக்கிழமை பத்து மணிக்கு அவரை வரச் சொல். அதற்குள் யோசித்து வைக்கிறேன்.

அக்கா